இருபத்து மூன்றாவது கதவு

மூன்று வாரமாகச் செத்துக்கொண்டிருக்கிறேன்
ஒரே கதவின் முன்னால்.
லாந்தர் பிடித்த அந்தப் பையனைப்
பள்ளத்தில் விட்டேன், முள்ளில் விட்டேன்,
தண்ணீர் கழுத்துக்கு ஏறுகையில்
நெம்புகோலையே பார்த்தபடி நிற்கவிட்டேன்.
நானூற்றுப் பதினொன்று என்கிறது திரையின் மூலை.
எண்ணுவதில் மட்டும் ஒரு பிழையும் இல்லை அதற்கு.

விதி எளிது.
பத்து நொடி நீ செய்வதை
உன் நிழல் ஒருமுறை திரும்பச் செய்யும்;
அதன் தோளை மிதித்து நீ ஏற வேண்டும்.
பத்து நொடி கழித்து வரப்போகிறவனுக்காக
இப்போதே குனிந்து நிற்க வேண்டும்.
இருபதாம் தேதிக்கு அந்தப் பக்கம்
சம்பளத்தைப் பார்த்தறியாத என்னிடம்
இதைக் கேட்கிறது விளையாட்டு.

கிருஷ்ணகிரி சுங்கச்சாவடியில் எனக்கு ஏழாம் தடம், இரவுப் பணி.
ஆறாம் தடத்து இம்தியாஸ்
டீ வாங்கி வந்த கையோடு பென் டிரைவையும் நீட்டினான்.
"எஃப் ஆறு, தண்ணி ஒண்ணும் பண்ணாது.
எஃப் ஏழு, செவுரே கெடையாது.
எதுக்குண்ணா தெனம் சாவுற?"

வெட்கமாகத்தான் இருந்தது.
இத்தனைக்கும் என் முன்னால் நீளுகிற கைகளில்
எத்தனை காலாவதி அட்டைகள், எத்தனை மச்சான்கள்,
கண்ணாடியில் ஒட்டிய எத்தனை 'அவசரம்'.
தடுப்புக்கம்பிக்குப் பயந்து
புளியந்தோப்பு மண்பாதையில் இறங்கும் டெம்போக்களையும்
விளக்கசைவில் தெரியும் எனக்கு.
அந்தச் சுற்றுவழியிலும் இப்போது
யாரோ கயிறு கட்டி
வண்டிக்குப் பத்து ரூபாய் வாங்குகிறார்களாம்.

விடிகாலை அறைக்குப் போய்
எஃப் ஏழை அழுத்தினேன்.

சுவருக்குள் செங்கல் இல்லை.
சாம்பல் நிறம்; அதற்கப்பால் அதே சாம்பல்.
ஒருபக்கம் மட்டும் இலை வரைந்த மரம்.
எங்கும் போகாத ஆறு படிகள்.
லாந்தரில்லாத, முகமில்லாத இன்னொரு பையன்,
உயரம் பார்க்க நிறுத்திவைத்து
எடுக்க மறந்திருப்பார்கள்.
கொஞ்ச நேரம் அவன் பக்கத்தில் நின்றேன்.
யாரும் அனுமதிக்காத இடத்தில்
அவ்வளவு அமைதியாக இருந்தது.

பிறகு பறந்தேன். இருபத்து நான்கு, முப்பது, நாற்பது.
ஆறு நிமிடத்தில் உச்சி மணிக்கூண்டு.
கயிற்றை இழுத்தேன்.
கயிறு ஆடியது. மணி ஆடியது.
சத்தம் வரவில்லை.

கீழே ஒரு நெம்புகோல் இழுக்கப்படவில்லை
என்பது மணிக்குத் தெரிந்திருக்கிறது.
விளையாட்டைப் பொறுத்தவரை
நான் இன்னும் கதவின் முன்னால்தான் நிற்கிறேன்.
திரும்பிப் போகவும் வழியில்லை,
படிகளெல்லாம் ஏறுவதற்கு மட்டும் செய்தவை.

தூங்கவில்லை. மறுபடி தொடங்கினேன்.
எல்லாவற்றையும் அணைத்து
எஃப் மூன்றை மட்டும் விட்டுவைத்தேன்,
அது காலத்தைப் பாதியாக மெதுவாக்கும்.
நானூற்று முப்பதாவது சாவிலோ என்னவோ
ஒன்று கண்ணில் பட்டது:
நிழல் நிலையில் நின்றால்
கதவு மூடுவதில்லை.
தோளில் ஏறவே தேவையில்லை.
வாசலில் என்னை நிறுத்திவிட்டு
நானே நுழைந்து போகலாம்.

செய்தவர் நினைத்த வழி இது அல்ல,
சத்தியமாகச் சொல்வேன்.
அவர் அடைக்க மறந்த பொந்து.
ஆனாலும் கதவு திறந்தது, எண் மாறியது,
கை நடுங்கியது எனக்கு.

இரவு இம்தியாஸிடம் சொன்னேன்.
"மெதுவா ஆக்குனது கள்ளாட்டம்,
நெழல நிறுத்துனது மூளை.
பாதிப் பாதி போட்டுக்கோ" என்றான்,
பின்னால் ஒரு லாரி ஹாரனை விடாமல் அழுத்த.

பணி முடிந்து எண்ணியபோது
எண்பத்தைந்து ரூபாய் குறைந்தது.
எந்த வண்டி, எந்தக் கை, ஞாபகமில்லை.
சட்டைப்பையிலிருந்து எடுத்து வைத்து
'கணக்கு சரி' என்று எழுதி
தீர்த்தகிரி எனக் கையெழுத்திட்டேன்.

இருபத்து நான்கில்
தரையே இல்லை.